முன்வரிசை முகம்

இசை நிகழ்ச்சி இயக்குநர் என்று ஓர் இனம் உண்டு. பாட்டு நடக்கும் இடத்திலேயே வாழும், பாட்டைக் கேட்காது. தொலைக்காட்சி நிலையத்தின் உடையறையில் இஸ்திரி போடுகிறவளுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்பீர்கள். சுவரோரம் நின்று பதினொரு வருடம் பார்த்திருக்கிறேன். போதாதா?

எங்கள் இயக்குநர் முதலில் வயலின்காரரின் விரல்களைக் காட்டினார். பாராட்டுக் கடிதம் வந்தது. பிறகு டிரம்ஸ்காரரின் வியர்வையைக் காட்டினார். தனி அறை கிடைத்தது. அதன்பின், பாடகர் உச்சத்தைத் தொடும் நேரம் பார்த்து, கூட்டத்தில் கண்கலங்கி உட்கார்ந்திருந்த ஒரு முகத்தைக் காட்டினார், விருதே வந்துவிட்டது. அந்த முகம் என்னுடையது. காலி நாற்காலியை நிரப்ப என்னை உட்கார வைத்திருந்தார்கள். இஸ்திரி ஆவியில் கண் எரிந்துகொண்டிருந்தது.

"அந்தம்மாவ விட்டுடாதீங்கப்பா!" என்றாராம் இயக்குநர், கேமராக்காரர்களிடம்.

அன்றிலிருந்து யார் பாடினாலும் முன்வரிசையில் என் தலை ஆடும். தாளமா? அது ஒரு பக்கம் போகும், என் தலை ஒரு பக்கம். நாலு பேருக்கு முன்னால் வாய் திறக்கக் கூசுகிற எனக்கு, கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தால் மட்டும் கழுத்து தானாகச் சாய்ந்துவிடும்.

போன மாதம் என் தங்கைக்கு வாய்ப்பு வந்தது. நேரலை, ஒரே பாட்டு, நான்கு நிமிடம். எடுபட்டால் வாராவாரம் பாடலாம். 'என்னைக் காட்டாதீங்க சார், அவளையே காட்டுங்க' என்று சொல்ல மூன்று முறை இயக்குநரின் அறைக்குப் போனேன். மூன்று முறையும் அவருடைய சட்டையை இஸ்திரிக்கு வாங்கிக்கொண்டு திரும்பினேன். பின்வரிசையில் உட்கார்ந்திருக்கலாமே? உட்கார்ந்திருக்கலாம். புதுத்துணி உடுத்தியிருந்தேன்.

வீட்டுக்கு வந்து பதிவைப் போட்டுப் பார்த்தாள் தங்கை.

"ஏன்க்கா, பாடினது நானா நீயா? பாதிப் பாட்டுக்கு உன் மூஞ்சிதான் வருது!"

"அவ அழகாத்தானேடி இருக்கா" என்றார் அம்மா, சமாதானமாக.

"சரி, நான் எப்படிப் பாடினேன்? அதையாவது சொல்லு."

நான் எங்கே கேட்டேன்? அந்த நான்கு நிமிடமும் தாடையை எந்தப் பக்கம் வைப்பது என்ற கவலையிலேயே இருந்தேன்.

மறுவாரம் நிலையத்திலிருந்து அழைப்பு வந்தது. எனக்கு.

சிரிக்கிறீர்கள். உங்கள் வீட்டுப் பிள்ளை மேடையில் பாடியபோது கைபேசியில் எடுத்தீர்களே, அதைக் கொஞ்சம் திறந்து பாருங்கள். கடைசியில் கேமரா யார் பக்கம் திரும்பியிருக்கிறது? அப்புறம், பிள்ளை பாடியது என்ன பாட்டு?