கேட் திறந்திருந்த காட்சி

ஊரைப் பற்றிப் பயணப் படம் எடுப்பவர்கள், சொந்தக்காரர்கள் இல்லாத ஊராகப் பார்த்து எடுக்க வேண்டும். எனக்கோ கடலூரிலிருந்து சிதம்பரம் வரை தடுக்கி விழுந்தால் சொந்தம்.

என் முதல் படமே அந்தச் சாலையைப் பற்றியதுதான். பழைய காட்சிகளைக் கோத்துப் படம் செய்யும் கலைஞர் என்று என்னை நானே சொல்லிக்கொண்டு திரிந்த காலம். (அப்பாவைக் கேட்டால் "வேல தேடுது" என்பார்.) எங்கள் ஊர்ச் சாலையை அந்தக் காலத்தில் யார் படம் பிடித்தார்கள்? கல்யாண வீடியோக்காரர்கள்தான். கடலூரில் ஒரு ஸ்டுடியோப் பரணில், மாமாவின் கல்யாண கேசட் வெட்டி ஒட்டாமல் முழுசாகக் கிடைத்தது. மாப்பிள்ளை வேன் கிளம்பியதிலிருந்து எல்லாம் இருந்தது.

"தாராளமா போடு பாப்பா" என்றார் மாமா. சிதம்பரத்தில் திரையிட்ட அன்று அத்தையோடு வந்து முதல் வரிசையில் உட்கார்ந்தார். ஓர் உள்ளூர் சேனலும் படத்தை ஒளிபரப்ப ஒப்புக்கொண்டிருந்தது.

எங்கள் குடும்ப வரலாற்றில் ஒரு ரயில்வே கேட் உண்டு. மாப்பிள்ளை அழைப்புக்கு மாமா ஏகத் தாமதம். அத்தையின் அப்பா மாலையோடு தெருவிலேயே நின்றாராம். "கேட்டு போட்டுட்டான், நாங்க என்னா பண்றது" என்று அன்று சொன்னதை மாமா மாற்றியதே இல்லை.

திரையில் அந்தக் கேட் வந்தது. நன்றாகத் திறந்திருந்தது. பஸ்கள் போய்க்கொண்டிருந்தன. ஓரமாக மாப்பிள்ளை வேன். பக்கத்துக் கடையில் கோட்டு சூட்டோடு, டையைத் தோளில் தூக்கிப் போட்டுக்கொண்டு, மாமா புரோட்டாவைப் பிய்த்துக்கொண்டிருந்தார். இதை நான் எடிட்டிங்கில் நூறு முறை பார்த்திருப்பேன். அதுதான் இந்தக் கேட் என்று உறைக்கவே இல்லை. மாலை வெளிச்சத்தைப் பார்த்துச் சொக்கிப்போய் ஸ்லோமோஷன் வேறு போட்டிருந்தேன். மேலே என் கனத்த குரல்: "அக்காலப் பயணங்களில் அவசரம் என்பதே இல்லை." திரையில் மாமா இன்னும் கொஞ்சம் சால்னா கேட்டார்.

படம் முடிந்ததும் என்னை ஓரம்கட்டினார். "டிவில போடறதுக்கு முன்னாடி அந்த எடத்த வெட்டிடு பாப்பா."

"வெட்ட மாட்டேன் மாமா. அந்த ரோட்டுக்கு வேற பழைய காட்சியே இல்ல."

"எனக்கும் வேற பொண்டாட்டி இல்ல."

பின்னால் அத்தை நின்றிருந்தார். "எங்கப்பா சாவுற வரைக்கும் அந்த கேட்ட நம்புனாரு. மாப்ள பசியோட வந்துருக்காருன்னு அவுரே நின்னு பரிமாறுனாரு. நீ வெட்டாத."

ஒரு நொடிகூட வெட்டவில்லை. சேனலில் அப்படியே வந்தது. மாமா வெகுநாள் என்னோடு பேசவில்லை. பேசாவிட்டால் போகட்டும் என்று நானும் இருந்தேன். இன்றைக்கும் யார் படத்தைக் கேட்டாலும் அந்தக் காட்சியோடுதான் தருகிறேன்.

அந்த இடத்தில் இப்போது மேம்பாலம் வந்துவிட்டது. எங்கள் வீட்டு விசேஷத்துக்கு யாராவது தாமதமாக வந்து டிராபிக், அது இது என்று இழுத்தால், அத்தை ஒன்றுதான் கேட்பார்: "எத்தன புரோட்டா?" மாமாவை மட்டும் அவரால் கேட்க முடிவதில்லை. பந்தல் போடுகிறவர்களுக்கு முன்னாலேயே மாமா வந்து உட்கார்ந்துவிடுகிறார்.