மூன்று ஃபேஸும் ஒரு தேவாங்கும்

ஒரு காட்டில் ஒரு சிங்கம் இருந்தது. அதை விடுங்கள், இந்தக் கதைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. அதே காட்டில் ஒரு டிரான்ஸ்ஃபார்மரும் இருந்தது. மிருகங்கள் உண்மையிலேயே பயந்தது அதற்குத்தான்.

அந்த டிரான்ஸ்ஃபார்மரிலிருந்து மூன்று ஃபேஸ் கரண்ட் வந்தது. ஒவ்வொரு குகையிலும் பொந்திலும் ஒரு திருகு சுவிட்ச் வைத்துக் கொடுத்திருந்தார்கள். ஒன்று, இரண்டு, மூன்று என்று எண் போட்டிருக்கும். ஒரு ஃபேஸ் போய்விட்டால் இன்னொன்றுக்குத் திருகிக்கொள்ளலாம். நல்ல ஏற்பாடுதான். மிருகங்கள் கையில் கொடுக்காமல் இருந்திருந்தால் இன்றைக்கும் நன்றாகவே இருந்திருக்கும்.

சாயங்காலம் ஆனால் யானை வீட்டில் ஹீட்டர், நரி வீட்டில் கிரைண்டர், மயில் தன் தோகைக்கு இஸ்திரி. அத்தனையும் ஒரே ஃபேஸில். அது தாங்காமல் டிரான்ஸ்ஃபார்மரில் ஃபியூஸ் உருகிவிடும். காட்டு வழக்கில் ‘பீஸ் போச்சு’. உடனே காடே அடுத்த ஃபேஸுக்குத் திருகும். அதிலும் பீஸ் போகும். லைன்மேன் வரும் வரை எல்லாரும் இருட்டில் உட்கார்ந்து அவரைத் திட்டுவார்கள்.

லைன்மேன் மாசிலாமணி ஒரு கரடி. மெயினை இறக்கி, கையுறை போட்டு, பீஸ் கட்டையைப் பிடுங்கிப் புதுக் கம்பி கட்டிவிட்டுப் போவார்.

“நல்லா தடிமனான கம்பியாக் கட்டிவிடுங்களேன் அண்ணே, போகவே போகாதுல்ல?” என்றது குரங்கு.

“பீஸ் போனா கம்பியை மாத்தலாம். டிரான்ஸ்ஃபார்மர் எரிஞ்சா காட்டையே மாத்தணும். பரவாயில்லையா?”

குரங்குக்குப் பரவாயில்லைதான். ஆனால் மரத்தை விட்டு இறங்க வேண்டியிருக்குமே என்று சும்மா இருந்துவிட்டது.

இப்படிப்பட்ட காட்டில்தான் பொற்கொடி என்ற கோழி, முட்டைகளைக் கரண்டில் சூடாக்கிப் பொரிக்கும் பெட்டி ஒன்றை வாங்கி வைத்தாள். “உக்காந்தே கெடக்குறதெல்லாம் அந்தக் காலம்” என்று முயலிடம் பீற்றிக்கொண்டாள். பாவம், பெட்டி வந்த நாளிலிருந்து சுவிட்ச் பக்கத்திலேயே நின்றுகொண்டிருக்கிறாள். முட்டைகள் பொரியும் நேரம் நெருங்கிவிட்டது. இனிப் பெட்டி குளிர்ந்தால் உள்ளே இருக்கும் குஞ்சுகள் பிழைக்காது.

அந்தக் காட்டில் விளக்கு அணையாத ஒரே வீடு தேவாங்கின் பொந்து. அதற்கும் பெயர் உண்டு. கேட்டால் அது சொல்லி முடிப்பதற்குள் கேட்டவர் வீடு போய்ச் சேர்ந்துவிடுவார். அது ஒன்றும் பெரிய புத்திசாலி இல்லை. எல்லாரையும் போல அதுவும் ஃபேஸ் மாற்றத்தான் கிளம்பும். ஆனால் மற்றவர்களுக்கு நேற்றுப் போன கரண்டுக்கு இன்றைக்குத்தான் அதன் கை சுவிட்சைத் தொடும். அதற்குள் கூட்டம் வேறு ஃபேஸுக்கு ஓடியிருக்கும். அதனால் தேவாங்கு எப்போதும் காலியான ஃபேஸில், ராஜா மாதிரி, தனியாக முழித்துக்கொண்டிருக்கும்.

கரண்ட் போனால் குரங்கு ஓடிப்போய்த் தேவாங்கின் சுவிட்சை எட்டிப் பார்த்து எண்ணைக் கத்தும். காடே அந்த எண்ணுக்குத் திரும்பும். அதற்குள் தேவாங்கு அடுத்ததற்குப் போயிருக்கும்.

ஒரு நாள் காலையில் பொற்கொடி லைன்மேனிடம் ஓடினாள். “அண்ணே, எம் புள்ளைங்கள காப்பாத்துங்கண்ணே!”

மாசிலாமணி எல்லாரையும் கூட்டினார். “மூணு கூட்டமாப் பிரிஞ்சுக்குங்க. ஆளுக்கொரு ஃபேஸ். யாரும் சுவிட்சைத் தொடக் கூடாது. இதுக்குப் பேருதான் லோடு பேலன்ஸ்.”

“டிரான்ஸ்ஃபார்மரைத் தொட்டு சத்தியம்!” என்று எல்லாரும் முன்னால் வந்தார்கள்.

“யோவ், தள்ளி நின்னு சத்தியம் பண்ணுங்கய்யா!”

அப்போது தேவாங்கு பொற்கொடியைப் பார்த்து வாயைத் திறந்தது. “ஏ... ம்... மா...”

யாருக்குப் பொறுமை? கூட்டம் கலைந்துவிட்டது.

சாயங்காலம் வந்தது. ‘எல்லாரும் சத்தியத்தைக் காப்பாற்றுவார்கள், நாம் ஒருத்தர் மட்டும் கூட்டம் குறைவாயிருக்கும் மூன்றுக்குப் போனால் என்ன கெட்டுவிடும்?’ என்று யானை நினைத்தது. நரியும் நினைத்தது. மயிலும் நினைத்தது. பொற்கொடியும்தான். பெற்றவள் அல்லவா, அவளை மட்டும் நான் மன்னித்துவிடுகிறேன். மொத்தக் காடும் ஓசைப்படாமல் மூன்றுக்குத் திருகியது. டமார்!

பொற்கொடி தாமதிக்கவில்லை. பெட்டியைத் தலையில் தூக்கிக்கொண்டு தேவாங்கின் பொந்துக்கு ஓடி, அங்கே பிளக்கைச் செருகினாள். பெட்டி சூடாகத் தொடங்கியது. அப்பாடா என்று நிமிர்ந்தவள் திடுக்கிட்டாள். தேவாங்கின் கை சுவிட்சைப் பிடித்து, ஒன்றிலிருந்து இரண்டுக்குத் திருகத் தொடங்கியிருந்தது.

“ஐயோ, தொடாதீங்க! நல்லா எரியுதுல்ல!” என்று பாய்ந்து அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள்.

ஜன்னலில் குரங்கின் தலை தெரிந்தது. “ஒண்ணு! ஒண்ணு!” என்று கத்தியது. காடே ஒன்றுக்குத் திருகியது. டமார்! தேவாங்கின் பொந்து முதல் முறையாக இருண்டது. அடுத்த மூச்சில் காடே இரண்டுக்குத் தாவியது. அதுவும் டமார்!

பொற்கொடி இருட்டில் பெட்டியைக் கட்டிக்கொண்டு அழுதாள். முட்டைகள் ஆறிக்கொண்டே வந்தன. அந்த இருட்டில், காலையில் தொடங்கிய வாக்கியத்தைத் தேவாங்கு முடித்தது.

“...நீ... யே... முட்டை மேல... உக்... கா... ர... லா... மே?”

பொற்கொடிக்கு வெட்கமாகப் போய்விட்டது. முட்டைகளை வெளியே எடுத்து வைத்து, அவற்றின் மேல் உட்கார்ந்தாள். விடிவதற்குள் ஒவ்வொன்றாக ஓடு உடைத்து எல்லாக் குஞ்சுகளும் வெளியே வந்தன. அவள் சிரித்தாள், அழுதாள், முயல் பார்த்துவிட்டதா என்றும் பார்த்துக்கொண்டாள்.

பீஸ் கட்ட வந்த மாசிலாமணி நடந்ததையெல்லாம் கேட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். “இந்தக் காட்டுல ஒழுங்கா லோடு பேலன்ஸ் பண்ணிக்கிட்டிருந்தது இவர் ஒருத்தர். அவர் கையையும் புடிச்சு வச்சுட்டியேம்மா!”

காலியான பெட்டிக்குள் தேவாங்கு ஏறிப் படுக்கத் தொடங்கியது. படுத்து முடித்தபோது கரண்ட் வந்திருந்தது. கதகதப்பாகத் தூங்கிவிட்டது.

நீதி: சும்மா இருப்பவரை அவசரப்பட்டுத் திருத்தாதீர்கள், ஊருக்கு வெளிச்சம் வருவதே அவர் தயவில்தான்.