பதினொரு கடிதங்களும் ஓர் 'அவசரமில்லை'யும்

நோர்வூட்,
2003.11.18

அன்பும் மதிப்பும் நிறைந்த கந்தப்பன் அண்ணாவுக்கு,

தங்கை நாகலெட்சுமி எழுதுவது. நாங்கள் நலம் என்று எழுதத்தான் வேண்டும், எழுதிவிட்டேன். நீங்களும் அண்ணியும் மகள் சுலக்ஷனாவும் வட்டவளை மழைக்குத் தடிமன், காய்ச்சல் இல்லாமல் இருக்க வேண்டுகிறேன்.

வழக்கு என்னவாயிற்று என்று நீங்கள் போட்ட இரண்டு கடிதங்களுக்கும் நான் பதில் எழுதாததற்குக் காரணம் தபால் அல்ல, வெட்கம். என் வீட்டுக்காரர், உங்கள் மச்சான், தோட்டத்து லயத்து வீடுகளுக்கு இருபத்துநான்கு மலசலகூடங்கள் கட்டிக்கொடுத்து, அந்த அரசாங்க அலுவலகம் மூன்று வருடமாகப் பணம் தராமல் இழுத்தடிப்பது உங்களுக்குத் தெரியும். சீமெந்து வாங்க அண்ணியின் வளையலை அடகு வைத்துக் கொடுத்தவரே நீங்கள்தானே. பில் சரி, அளவு சரி, பொறியியலாளர் கையெழுத்தும் சரி, வெல்கிற வழக்கு என்றுதான் எங்கள் சட்டத்தரணி சொன்னார். கவிழ்த்தது என் தமிழ். வெறும் பில்லை நீட்டினால் மரியாதையாக இருக்காது என்று, பி.ஏ. படித்த திமிரில், ஒவ்வொரு பில்லோடும் ஒரு கடிதம் வைத்தேன். 'தங்களுக்கு ஆயிரம் வேலைகள் இருக்கும். சௌகரியப்படும்போது தந்தால் போதும், அவசரமில்லை' என்று ஒவ்வொன்றையும் முடித்திருக்கிறேன். பதினொரு கடிதங்கள். பணத்தைத்தான் தரவில்லையே தவிர, கடிதங்களை ஒன்று விடாமல் பத்திரப்படுத்தியிருந்தார்கள். அவர்களுடைய சட்டத்தரணி கடிதக் கட்டைத் தூக்கிக் காட்டி, "எங்களுக்கு இன்னும் சௌகரியப்படவில்லை" என்றார். மொழிபெயர்ப்பாளர் பதினொன்றையும் உரக்க வாசித்துச் சிங்களத்தில் சொன்னார். 'மழைக்காலத்தில் தங்கள் உடல்நலத்தைப் பேணிக்கொள்ளவும்' என்ற இடத்தில் நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். இதில் எங்கேயும் பணத்தைக் கேட்கவே இல்லையே, யார் எழுதியது என்றார். எழுந்து நின்றேன். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்குக் கடிதம் எழுதச் சொல்லிக் கொடுக்கிறவள் நான்.

வெளியே வந்ததும், அந்தக் கூடங்களைக் கட்டிய மேசன் செல்லசாமி, மூன்று வருடக் கூலி பாக்கி அவருக்கு, "டீச்சரம்மா, என்னா எழுத்துங்க! கேக்கக் கேக்க நமக்கே பணம் வேணாம்னு தோணிருச்சுங்க" என்றார். கிண்டல் இல்லை, அதுதான் இன்னும் சுட்டது. உங்கள் மச்சான் ஒரு வார்த்தை திட்டவில்லை. பஸ் டிக்கோயா தாண்டியதும், "அந்த உடல்நலம் எதுக்கு புள்ள?" என்று மட்டும் கேட்டார்.

அண்ணா, காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்களத்தில் தோட்டத்துத் துரையைக் கண்டதும் அப்பா தலைத்துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் இடுக்கிக்கொள்வாரே, அதைப் பார்த்து நான் சிரித்திருக்கிறேன். படித்தவள் நான் மட்டும் என்ன செய்தேன்? என் துண்டு தமிழில் இருந்தது, அவ்வளவுதான்.

ஆனால் நீதிபதி வழக்கைத் தள்ளுபடி செய்யவில்லை, தள்ளித்தான் வைத்திருக்கிறார்; ஒரு வழி இருக்கிறது. பதினான்கு நாட்களுக்குள் பணம் தரவேண்டும் என்று கறாராக ஒரு கடிதம் கொடுத்தால் நீதிமன்றத்தின் அடுத்த தவணை நாளில் வழக்கைத் தூக்கி நிறுத்திவிடலாம் என்கிறார் சட்டத்தரணி. எழுதிவிட்டேன். நான்கே வரி. 'தயவு' இல்லை, 'தாழ்மை' இல்லை. இன்று காலை செல்லசாமியிடம் கொடுத்தனுப்பியிருக்கிறேன். தையில் சுலக்ஷனாவின் சடங்குக்கு அண்ணி வெறுங்கையோடு நிற்க மாட்டார். இதை அண்ணியிடம் தைரியமாகச் சொல்லுங்கள்.

அண்ணிக்கு வணக்கமும் பிள்ளைக்கு முத்தமும்.

இனி யாரிடமும் குழையாத தங்கை,
நாகலெட்சுமி

பி.கு.: உறையை ஒட்டுமுன் செல்லசாமி திரும்பி வந்துவிட்டார். கடிதத்தை வாசித்த அதிகாரியின் முகம் சுருங்கிப்போனதாம், இவருக்கு மனசு கேட்கவில்லையாம். "அம்மா ஏதோ கோவத்துல எழுதிட்டாங்க, மனசுல வச்சுக்காதீங்க சேர், மெதுவா குடுங்கன்னு சொன்னேங்க. தங்கமான மனுசன்! டீ வாங்கிக் குடுத்து, நான் சொன்னத அப்படியே எழுதிக் கையெழுத்தும் வாங்கிக்கிட்டாரு." அண்ணா, வளையல் விஷயத்தை அண்ணியிடம் இப்போது சொல்ல வேண்டாம். அவசரமில்லை.