சீதன வீட்டு மண்ணும் என் ஆராய்ச்சியும்

கொஞ்சம் படித்தவர்களால் ஒரு வீட்டுக்கு வருகிற தொல்லை, ஒன்றுமே படிக்காதவர்களால் வருவதில்லை. யாரையும் குத்திக்காட்டுவதற்காக இதைச் சொல்லவில்லை. கல்முனையில் எங்கள் வீட்டில் அப்படிக் கொஞ்சம் படித்திருந்த ஒரே ஆள் நான்தான்.

டிப்ளோமா முடித்து, வீதி போடுகிற ஒரு கொம்பனியின் மண் பரிசோதனைக் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்த புதிது. அதற்குள் என் நடையே மாறிவிட்டது. யார் வீட்டு முற்றத்தில் கால் வைத்தாலும் ஒரு பிடி மண்ணை எடுத்து விரலால் உருட்டிப் பார்ப்பேன். (பிறகு அதே கையால் அவர்கள் தந்த பலகாரத்தையும் சாப்பிடுவேன்.)

அப்போதுதான் எனக்குக் கலியாணம் பேசினார்கள். எங்கள் பக்கத்தில் கலியாணம் முடிந்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வருவார். அவர் வந்து குடியிருக்க, பெண்ணைப் பெற்றவர்கள் சீதனமாக வீடு கட்டிக் கொடுக்க வேண்டும். வாப்பா வயலோரம் ஒரு வளவுக் காணி வாங்கி, கிறவல் மண் போட்டு நிரப்பி, அத்திவாரம் வெட்ட மேசனுக்கும் சொல்லிவிட்டார். நான் சும்மா இருந்திருக்கலாம். ஆனால் ஊர் வீதிக்கெல்லாம் மண் பார்க்கிறவள் தன் சொந்த வீட்டு மண்ணைப் பார்க்காமல் விடுவதா என்று எனக்கு ரோஷம் வந்துவிட்டது.

கிறவலுக்குக் கீழே இருந்த களிமண்ணைத் தோண்டி எடுத்தேன். கூடத்தில் கேட்டு, திரவ எல்லை பார்க்கிற கருவியை வீட்டுக்குக் கொண்டுவந்தேன். எவ்வளவு தண்ணீர் சேர்ந்தால் ஒரு மண் இறுக்கம் விட்டு ஓடத் தொடங்குகிறது என்பதுதான் திரவ எல்லை. நிறையத் தண்ணீர் குடிக்கிற களி மழைக்கு ஊதும், வெயிலுக்குச் சுருங்கும், மேலே நிற்கிற சுவரை வெடிக்க வைக்கும். கருவி என்று பெரிதாக ஒன்றும் இல்லை. ஒரு பித்தளைக் கிண்ணம், ஒரு கைபிடி. குழைத்த மண்ணைக் கிண்ணத்தில் பூசி நடுவில் ஒரு பள்ளக் கோடு கிழிக்க வேண்டும். கைபிடியைச் சுற்றினால் கிண்ணம் எழும்பி 'டொக்' என்று விழும். எத்தனை அடியில் கோடு மூடுகிறது என்று எண்ணினால் போதும்.

குசினியில் சமையல் மேசையில் வைத்து டொக் டொக் என்று தொடங்கியதும் உம்மா ஓடி வந்தார்.

"மாப்பிள்ளைட உம்மாவும் தங்கச்சியும் வந்திரிக்காங்க. அந்தச் சத்தத்த நிப்பாட்டு புள்ள."

"பாதியில நிப்பாட்ட ஏலா உம்மா. மண் காஞ்சிரும்."

"அப்ப சத்தம் வராமச் செய்."

கொடியில் வாப்பா உடுக்கிற மருதமுனைச் சாறன் தொங்கியது. அதை எடுத்து நாலாக மடித்துக் கருவிக்குக் கீழே வைத்தேன். சத்தம் அடங்கிவிட்டது. என் புத்திசாலித்தனத்தை நானே மெச்சிக்கொண்டு சுற்றினேன். கோடு மூடவில்லை. தண்ணீர் சேர்த்துக் குழைத்துச் சுற்றினேன். அப்போதும் மூடவில்லை. மண் கொழகொழ என்று ஆகியும் கோடு அசையாமல் நின்றது. இப்படித் தண்ணீர் குடிக்கிற மண்ணை நான் கண்டதே இல்லை. எனக்கு வியர்த்துக் கொட்டியது.

அந்த நேரம் பார்த்து மாப்பிள்ளையின் உம்மா குசினிக்குள் வந்தார். முழங்கை வரைக்கும் கறுத்த களியோடு நின்ற வருங்கால மருமகளைப் பார்த்து, "தொதலா மகள் கிண்டுற?" என்று அன்பாகக் கேட்டார்.

ஓம், பலகாரம்தான் என்று சொல்லியிருந்தால் பிரச்சினை அங்கேயே முடிந்திருக்கும்.

"இல்ல மாமி, இது நம்மட வளவு மண். இதுல வீடு கட்டினா ரெண்டு மழைக்குச் சுவர் வெடிச்சிரும்."

மாமி கிண்ணத்தை எட்டிப் பார்த்தார். "அப்ப என்ட மகன் எங்க இரிக்கிற?"

"வேற வளவு பாக்கிற வரைக்கும் அவர் உங்களோடயே இரிக்கட்டும் மாமி."

எங்கள் ஊரில் பெண் வீட்டில் இப்படிச் சொன்னால் அதற்கு ஒரே அர்த்தம்தான்: எங்களுக்கு உங்கள் மகன் வேண்டாம். (களிமண்ணைப் பற்றித் தெரிந்த அளவுக்கு எனக்கு மனிசரைப் பற்றித் தெரிந்திருக்கவில்லை.) வந்தவர்கள் தேத்தண்ணியைக் குடிக்காமலே எழும்பிப் போனார்கள். உம்மா அழுதார். எனக்கு அந்த மாப்பிள்ளையை உள்ளுக்குள் நல்லாப் பிடித்திருந்தது என்பதால் நானும் அழுதேன்.

வாப்பா வந்து எல்லாவற்றையும் கேட்டார். "நீ சொன்னது சரியா மகள்?"

"ஓம் வாப்பா. நான் செய்து பாத்துத்தான் சொன்ன."

வேறொன்றும் கேட்கவில்லை. சட்டையைப் போட்டுக்கொண்டு நேரே மாப்பிள்ளை வீட்டுக்குப் போனார். அங்கே அவர் சொன்னதை மாப்பிள்ளையின் தங்கச்சி பிறகு எனக்குச் சொன்னாள்: "என்ட மகள் இதப் படிச்சவ. உங்கட மகன்ட தலையில சுவர் விழக்கூடா எண்டுதான் முன்னுக்கே சொன்னவ. அந்த மண்ணுக்குத் தக்க மாதிரி அத்திவாரம் போடுறன்." மாமியின் மனம் இளகிவிட்டது. கலியாணம் பிழைத்தது.

திங்கட்கிழமை கருவியைத் திருப்பிக் கொடுக்கக் கூடத்துக்குப் போன இடத்தில், ஒரு உறுதிக்காகக் கொங்கிறீட் மேசையில் வைத்து மறுபடி செய்தேன். முதல் தடவையிலேயே கோடு ஒழுங்காக மூடிக்கொண்டது. திரும்பச் செய்தேன், அதே கதைதான். கருவியில் பிழை இல்லை, மண்ணிலும் பிழை இல்லை. மிச்சம் இருந்தது சாறன். கிண்ணம் விழுகிற அடியையெல்லாம் அந்த நாலு மடிப்பு வாங்கிக்கொண்டிருந்திருக்கிறது. பாவம், மண் நல்ல மண்.

வளவுக்கு ஓடினேன். இடுப்பளவு ஆழத்துக்குக் குழி வெட்டி, என் கைத் தடிமனுக்குக் கம்பி கட்டிக்கொண்டிருந்தார்கள். வாப்பாவைத் தனியாகக் கூப்பிட்டு உண்மையைச் சொன்னேன்.

"அப்ப நல்ல மண்ணா?"

"ஓம் வாப்பா."

அவர் கம்பியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இத இப்ப அங்க போய்ச் சொன்னா, இனி நீ என்ன கதைச்சாலும் அவங்க சிரிப்பாங்க. கம்பி கட்டட்டும். நீ போய்ச் சாப்பிடு."

கலியாணம் முடிந்து ஒரு மாதத்தில் இவரிடம் சொல்லிவிட்டேன். இவர் அடுத்த நாளே மாமியிடம் சொல்லிவிட்டார். மாமிக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது. வாப்பா பயந்தது சரிதான். அதற்குப் பிறகு நான் பால் திரிந்துவிட்டது என்று சொன்னாலும், "செய்து பாத்தியா மகள்?" என்றுதான் மாமி கேட்பார்.

இந்த வருடம் எங்கள் மகளுக்காக இதே வீட்டுக்கு மேலே இன்னொரு வீடு கட்டத் தொடங்கியிருக்கிறோம். பார்க்க வந்த இளம் இஞ்சினியர் அத்திவாரத்தின் ஓரத்தைத் தோண்டிப் பார்த்து அசந்துபோனார். "மூணு மாடி தாங்கும். சும்மா ஒரு தட்டு வீட்டுக்கு ஏன் இப்படிப் போட்டீங்க?" என்றார். இவர் என்னைக் கைகாட்டினார். வாப்பா மௌத்தாகிச் சில வருடங்கள் ஆகின்றன. பேத்தியின் வீட்டைப் பார்க்க, மூத்தவாப்பாவாக அவரும் அந்த இடத்தில் நின்றிருக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றியது.

"அப்ப உம்மாட பிழையாலயா எனக்கு மேல் வீடு கெடைக்கிது?" என்று மகள் கேட்டாள்.

கதிரையில் இருந்த மாமி வெற்றிலையை ஒதுக்கிவிட்டுச் சொன்னார்: "பிழைதான் உங்கும்மாட. அத்திவாரம் உங்கட மூத்தவாப்பாட."

மகள் இப்போது வீட்டுக்கு வருகிறவர்களையெல்லாம் மேலே கூட்டிக்கொண்டு போய் இந்தக் கதையை முதலில் இருந்து சொல்கிறாள். நான் கீழே தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு, சிரிப்புச் சத்தம் எந்த இடத்தில் வரும் என்று காத்திருக்கிறேன்.