பாதி வெளுத்த பதினொரு பேர்

என்மேல் என்றும் சந்தேகம் மாறாத மாமாவுக்கு,

காலேஜைப் பாதியில் விட்ட உங்கள் மருமகன் எழுதிக்கொள்வது. நான், அம்மா, அப்பா மூவரும் நலம். நீங்கள் கேட்பது எங்களை அல்ல, பெட்டியைத்தான் என்பது தெரியும்.

"ரெண்டு மாசம் இந்தப் பெட்டியில இருக்கிற பதினொரு ஐசோபாட்ல ஒண்ணுகூடச் சாகாம பாத்துக்கோ, என் கலர் மீன் கடையில உனக்கு வேலை. செத்துச்சு, மறுபடி காலேஜ்" என்று சொல்லிவிட்டு ஊருக்குப் போய்விட்டீர்கள். மிளகு சைஸ் பூச்சி, தொட்டால் உருண்டுகொள்கிறது. "ரெண்டு கால வச்சுக்கிட்டே நீ வீட்ட விட்டு நகர மாட்டேங்குற, இதுங்களுக்குப் பதினாலாம்! இது உள்ள வந்தா நான் வெளிய போறேன்" என்றார் அம்மா. தீனியாகக் காய்ந்த இலையை வேகவைத்துப் போடச் சொன்னீர்களே, தெருவில் பொறுக்கினேன். பெருக்குற அக்கா, "என்ன தம்பி, என் வேலைக்கே உலை வைக்கிறியா?"ன்னு துடைப்பத்தோட வந்துட்டாங்க. வேகவச்ச தண்ணிய நான் கொட்டுறதுக்குள்ள அப்பா கஷாயம்னு நெனச்சு ஒரு டம்ளர் குடிச்சுட்டாரு. "தொண்டைக்கு இதமா இருக்குடா, நாளைக்கும் போடு"ங்கறாரு. இன்னிக்கு வரைக்கும் நான் வாய் தொறக்கல. பெட்டியில ஒரு பக்கம் மட்டும் தண்ணி தெளிக்கச் சொன்னீங்க, காஞ்ச பக்கம் பாவமா இருந்துச்சு, ரெண்டு பக்கமும் தெளிச்சேன். தின்னப் போட்ட வெள்ளரிக்காய் பூஞ்சை பிடிச்சுப் போச்சு. அம்மாதான் மூக்கப் பிடிச்சுக்கிட்டு எடுத்துப் போட்டு, சத்துக்குன்னு முட்டை ஓட்டப் பொடி பண்ணித் தூவினாங்க. ரெண்டு மாசம் முடியுற இன்னிக்குக் காலையில பாத்தா பதினொரு பேருக்கும் பின்பாதி மட்டும் சுண்ணாம்பு அடிச்ச மாதிரி வெளுத்து, ஆடல அசையல. "நேத்துகூட முட்டி மோதிக்கிட்டுத் தின்னுச்சேடா"ன்னு அம்மா கண்ணத் தொடைக்கிறாங்க. தோத்துட்டேன் மாமா. திங்கக்கிழமை காலேஜுக்கே போயிடுறேன்.

அத்தைக்கு என் வணக்கம். உங்களுக்கு நீண்ட ஆயுளும், உங்கள் கோபத்துக்குக் குறைந்த ஆயுளும் கிடைக்கட்டும்.

இப்படிக்கு,
கொலைகார மருமகன்

பி.கு.: கவர ஒட்டப் போனேன், அம்மா கத்துறாங்க: "டேய், சட்டையக் கழட்டிப் போட்டுட்டு நடக்குதுடா!" போன்ல தேடினா, இதுங்க மொதல்ல வெளுத்து, அப்புறம் பாதி பாதியா தோல் உரிக்குமாம்! உரிச்ச தோல அதுங்களே தின்னுக்கிட்டு இருக்கு. இத முன்னாடியே சொல்லித் தொலைச்சிருக்கக் கூடாதா? பெட்டிக்குள்ள கிடக்குற மரப்பட்டையத் தூக்கினா, ரவை கொட்டின மாதிரி குட்டிங்க! மேல எழுதினது எல்லாம் ரத்து. திங்கக்கிழமை கடைக்கு வர்றேன். ஆனா பெட்டி வராது. அம்மா மூடி மேல கைய வச்சுக்கிட்டு, "என் தம்பிக்கு ஆசையா இருந்தா ரெண்டு குட்டி குடுத்தனுப்பு, போதும்"ங்கறாங்க.