ஒல்லாந்தர் எழுதிய ஆங்கிலேய தேசம்

லண்டனில் கோபத்தோடு திரிகிற தமிழர்கள் நிறையப் பேர். ரயிலோடு கோபம், குளிரோடு கோபம், மச்சானோடு கோபம். ஆனால் முந்நூறு வருஷத்துக்கு முன் செத்துப்போன ஒருவனோடு கோபமாகத் திரிந்தவர் ஒல்லாந்தர் ஒருவர்தான்.

அவர் உண்மையில் யாழ்ப்பாணத்து அச்சுவேலிக்காரர். இரண்டாயிரத்துகளின் தொடக்கத்தில் மனோர் பார்க்கில் ஒரு வீட்டு மேல்மாடியில் அடுத்தடுத்த அறைகளில் இருந்தோம். அவருக்கு ஐம்பத்தைந்து வயதிருக்கும். காலையில் ஒரு சூப்பர்மார்க்கெட்டின் பின்பக்கத்தில் பெட்டி இறக்குவார். மத்தியானம் குளித்து, கோட்டுப் போட்டு, நகர நடுவிலிருந்த பெரிய நூலகத்துக்குப் போய்விடுவார். அந்தக் காலத்தில் கப்பலேறி இலங்கைக்கு வந்த டச்சுக்காரர்கள் நம் சனத்தைப் பற்றி எழுதிவைத்த நூல்களை ஆங்கிலத்தில் படிப்பார். டச்சுக்காரரை எங்கள் பக்கத்தில் ஒல்லாந்தர் என்போம். எந்தப் பேச்சை எடுத்தாலும் "ஒல்லாந்தர் என்ன எழுதியிருக்கினம் தெரியுமோ" என்று தொடங்கியதில் அந்தப் பெயர் அவருக்கே ஒட்டிவிட்டது.

ஒருநாள் நான் முட்டை பொரித்துக்கொண்டிருந்தபோது, கோட்டைக்கூடக் கழற்றாமல் சமையலறைக்கு வந்து நின்றார்.

"தம்பி, ஒருத்தன் யாழ்ப்பாணத்திலை நிண்டது பதினொரு நாள். அதிலை நாலு நாள் வயித்தாலை போய்ப் படுத்திருக்கிறான். மிச்சம் ஏழு நாளிலை எங்கட சனம் முழுக்கச் சோம்பேறியள், பொய்யர் எண்டு முப்பது பக்கம் எழுதிப்போட்டான்."

"அவன் செத்து முந்நூறு வருஷம் அண்ணை. விடுங்கோவன்."

"நான் இஞ்ச வந்து பதினொரு வருஷம். எனக்கு வயித்தாலையும் போகேல்லை. நான் எவ்வளவு எழுதலாம் எண்டு யோசிச்சுப் பார்."

அடுத்த நாள் ஒரு தடித்த கொப்பி வாங்கினார். முதல் பக்கத்தில் 'ஆங்கிலேய தேசத்தாரின் குணமும் நடையும்' என்று பெரிதாக எழுதினார்.

ஆராய்ச்சி பஸ் தரிப்பிடத்தில் தொடங்கியது. வேண்டுமென்றே வரிசையில் இடையில் புகுந்து நின்றார். பின்னால் நின்ற ஏழு பேரில் ஒருவர்கூட ஒரு சொல் சொல்லவில்லை; இரண்டு பேர் இருமினார்கள். 'இத்தேசத்தார் கோபம் மிகுந்தால் இருமுவர்' என்று கொப்பியில் ஏற்றினார். பிறகு ஒரு மனிதரின் காலைத் தெரியாமல் மிதித்துவிட்டார். மிதிபட்டவரே மன்னிப்புக் கேட்டார். இது தற்செயலா வழக்கமா என்று உறுதிசெய்ய இன்னும் இரண்டு பேரை மிதித்தார்.

"மூண்டாவது ஆளும் மன்னிப்புக் கேட்டவரோ?" என்றேன்.

"அவர் எங்கட ஆள். கண் தெரியேல்லையோ எண்டு ஏசினார். அதைச் சேர்க்கேல்லை."

சமயம், திருமணம், உணவு என்று அத்தியாயங்கள் வளர்ந்தன. 'அயலார்' என்ற அத்தியாயத்துக்காகப் பக்கத்து வீட்டு டோரீனை எடுத்துக்கொண்டார். எழுபது வயது, தனியாள், தோட்டம்தான் உலகம். ஒல்லாந்தர் இரண்டு கிழமையாக மேல்மாடி யன்னலில் நின்று அந்த அம்மாவைப் பார்ப்பதும் எழுதுவதுமாக இருந்தார். டோரீன் கவுன்சிலுக்கு முறையிட்டுவிட்டார்.

ஒரு வியாழக்கிழமை பின்னேரம் கவுன்சிலிலிருந்து ஒரு பெண் அதிகாரி கோப்போடு வந்தார். பின்னால் டோரீன் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். அடுத்த மாதம் என் அகதி வழக்கின் மேல்முறையீடு. இந்த நேரத்தில் என் பெயர் எந்தக் கோப்பிலும் ஏறக்கூடாது. ஒல்லாந்தருக்கும் அது தெரியும். கேட்பதற்கு முன்பே ஆங்கிலத்தில் சொன்னார்: "எழுதியது நான் மட்டும். இவருக்கு இதில் ஒரு தொடர்பும் இல்லை."

"என்ன எழுதியிருக்கிறீர்கள்?" என்றார் அதிகாரி.

தமிழில் இருந்த கொப்பி என் கைக்கு வந்தது. எழுதியவரே மொழிபெயர்க்கக்கூடாது என்றார் அதிகாரி; வேறு ஆளில்லை. முதல் வரி: 'அடுத்த வீட்டு மாது மனிதரோடு பேசாள், தக்காளிச் செடிகளோடு நாடோறும் அரைமணி நேரம் பேசுவாள்.'

"தோட்டக்கலையில் ஆர்வமுள்ளவர் என்று எழுதியிருக்கிறார்," என்றேன்.

ஒல்லாந்தர் தமிழில் பல்லைக் கடித்தார். "உள்ளதைச் சொல்லு. அந்தக் காலத்திலையும் ஒல்லாந்தருக்கு மொழிபெயர்த்த துபாசிமார் இப்பிடித்தான் கெடுத்தவங்கள்."

அடுத்த பக்கத்தைத் திருப்பினேன். 'நம் வீட்டுத் தம்பிக்கு அம்மை கண்டு கிடந்த ஏழு நாளும் இம்மாது சூப் காய்ச்சி வாசலில் வைத்தாள். மணியடித்துவிட்டு, நன்றி சொல்ல இடம் கொடாமல் ஓடினாள். இத்தேசத்தாரின் இரக்கம் மணியடித்துவிட்டு ஓடும் இயல்புடையது.'

எனக்கு வாசிப்பு நின்றுவிட்டது. அந்தச் சூப்பை வைத்தவர் ஒல்லாந்தர் என்றுதான் நான் ஒரு வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தேன். அவரும் மறுத்ததில்லை. இதைச் சொல்லுக்குச் சொல் மொழிபெயர்த்தேன்.

டோரீன் அதிகாரியிடம், "நான் ஓடவில்லை. என் இடுப்புக்கு ஓட ஏலாது. அதைத் திருத்தச் சொல்லுங்கள்," என்றார்.

ஒல்லாந்தர் பேனையை எடுத்து 'ஓடினாள்' என்பதை வெட்டி 'நொண்டினாள்' என்று எழுதினார். அதிகாரி கோப்பை மூடினார். நான் டோரீனிடம் நன்றி சொன்னேன். "உப்புக் கூடிவிட்டது என்று எனக்குத் தெரியும்," என்றார்.

அன்றிலிருந்து வேலியோரத்தில் ஒல்லாந்தருக்கும் டோரீனுக்கும் ஞாயிறு தோறும் பேச்சு. ஒரு ஞாயிறு டோரீன் கேட்டார்: "தேசம் முழுவதையும் பற்றி எழுதுகிறாயே, உனக்கு எத்தனை ஆங்கிலேயரைத் தெரியும்?"

ஒல்லாந்தர் விரல் மடித்தார். வேலைத்தல மேலாளர் கானா நாட்டவர். டொக்டர் பஞ்சாபி. பஸ் சாரதி போலந்துக்காரர். "உங்களைத்தான்," என்றார்.

"நான் ஐரிஷ்காரி," என்றார் டோரீன்.

அன்று இரவு ஒல்லாந்தர் சாப்பிடவில்லை. கதவைத் தட்டினேன். கட்டிலில் கொப்பியோடு இருந்தார்.

"பதினொரு வருஷம் தம்பி. அந்த டச்சுக்காரன் ஏழு நாளிலை எங்கட ஆக்களையாவது பாத்தவன்."

அதற்குப் பிறகு அந்தச் செத்த மனிதனை அவர் ஏசியதில்லை. தலைப்பை வெட்டிவிட்டு 'நான் கண்ட சிலர்' என்று எழுதினார். புதிதாக ஒரு விதியும் வைத்தார்: யாரைப் பற்றி எழுதினாலும் அவருக்கு வாசித்துக் காட்டுவது, பிழையென்றால் வெட்டுவது. டோரீன் அறுபது இடங்களிலாவது வெட்டுவித்திருப்பார்.

என் வழக்கு வென்றது. அவர் ஐந்தாறு வருஷம் கழித்து, மகளோடு இருக்க ரொறொன்ரோவுக்குப் புறப்பட்டார். ஹீத்ரோவுக்கு நான்தான் கூட்டிப் போனேன். உள்ளே போகிற வாசலில் என் முகத்தைப் பார்த்தார். பெட்டியைக் கீழே வைத்துவிட்டுக் கொப்பியில் ஏதோ எழுதினார்.

"என்ன அண்ணை எழுதுறியள்?"

"தம்பி அழுதான் எண்டு. பிழையெண்டாச் சொல்லு, வெட்டுறன்."

நான் வெட்டச் சொல்லவில்லை.