வெயில் எறிக்கும் வரை கறுப்பு

நாற்பது வருடத் தொழிலில் நான் ஒருவருக்கும் சொல்லாமல் மறைத்து வைத்திருந்த ஒரு விஷயம் இருந்தது. மனிசிக்குக்கூடத் தெரியாது. அதை நல்லூரில், சம்பந்தி வீட்டு முற்றத்தில், தாம்பாளத் தட்டுகளோடு நின்ற முப்பது நாற்பது பேருக்கு முன்னால் என் வாயாலேயே சொல்ல வேண்டி வந்தது. அவ்வளவு பேருக்குத் தெரிந்த பிறகு உங்களுக்கு மறைத்து என்ன பலன்?

முதலில் நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். (சொல்லாட்டி எனக்குச் சாப்பாடு செமிக்காது.) கொடிகாமத்தில் கண்டி வீதியோரம் நவம் பாஸின் கராஜ் எது என்று கேட்டால் தேங்காய் விற்கிறவரும் கை நீட்டிக் காட்டுவார். ஐந்தாம் வகுப்போடு எனக்கும் பள்ளிக்கூடத்துக்கும் சரிவரவில்லை. ஒரு கராஜில் தகரம் தேய்க்கப் போனேன். தேய்த்துத் தேய்த்து விரலில் ரேகையே இல்லாமல் போய்விட்டது. இன்றைக்கு எனக்குச் சொந்தத்தில் பெரிய கொட்டகை, இரண்டு கொம்பிறசர், ஆறு வேலையாட்கள். எல்லாம் இந்த இரண்டு கண்ணால் வந்தது. வெள்ளையில் மட்டும் பதினாறு விதம் பிரித்துச் சொல்வேன். சிவப்புக் கார் ஒன்று வீதியால் போனால், அது எத்தனை வருடம் வெயிலில் நின்றது, எத்தனை வருடம் கொட்டிலில் நின்றது என்று கதிரையில் இருந்தபடியே சொல்வேன்.

கறுப்பைப் பற்றி மட்டும் நான் யோசித்ததே இல்லை. கறுப்பு கறுப்புத்தானே.

தொழில் தெரியாதவர்களுக்காக ஒன்று சொல்ல வேண்டும். ஒரு கார் என்ன நிறம் என்பதைச் செய்த கொம்பனிக்காரன் ஒரு சின்னத் தகட்டில் எழுத்தும் இலக்கமுமாக அடித்து, கதவுத் தூணில் பொருத்தியிருப்பான். இந்தக் காலத்துப் பெயின்ரர்மார் அதைப் பார்த்து எழுதிக்கொண்டு போய் யாழ்ப்பாணத்தில் பெயின்ற் கலக்கிற கடையில் கொடுப்பார்கள். என் முறை வேறு. பெற்றோல் விடுகிற இடத்து மூடியைக் கழற்றிக்கொண்டு போய்க் கடை மேசையில் வைப்பேன். "உதைப்போல கலவுங்கோ." அவ்வளவுதான். காரின் உடம்பில் ஒரு துண்டு என் கையில் இருக்கும்போது நம்பர் எதற்கு?

என் மகள் தர்சினிக்கும் நல்லூர்ப் பொடியன் ஒருவனுக்கும் சம்பந்தம் பேசினோம். (பேசினோம் என்பது மரியாதைக்கு. ரெண்டுபேரும் தாங்களே பேசி முடிச்சுப்போட்டுத்தான் எங்களைப் பேசச் சொன்னவை.) பொடியனின் தகப்பன் ஓய்வு பெற்ற வாத்தியார். ஊரெல்லாம் மாஸ்டர் என்றுதான் கூப்பிடும். அமைதியான மனிசன், ஒரு சொல் சொல்ல முன்னம் மூன்று தரம் செருமுவார். அவரின் மனைவி முந்தியே காலமாகிவிட்டார். பொடியனை வளர்த்தது மாஸ்டரின் தமக்கை. பெரியக்கா என்று நாங்களும் கூப்பிடுவோம். அவரும் வாத்தியார்தான். அதிலும் இங்கிலிஷ்.

பெரியக்கா முதல்நாள் வந்தபோதே "தகப்பன் என்ன செய்யிறார்?" என்று மூன்று பேரிடம் தனித்தனியாகக் கேட்டார். மூன்று பேரும் ஒரே பதில் சொன்னதில் அவருக்குத் திருப்தி இல்லை என்று முகத்தில் தெரிந்தது. அன்றைக்குப் பின்னேரமே தர்சினி என்னைப் பிடித்துக்கொண்டாள்.

"அப்பா, பெரியக்கா ஓம் எண்டால்தான் அந்த வீட்டிலை எல்லாம் ஓம். பொன்னுருக்கு முடியிற வரைக்கும் நீங்கள் பெருமை கதைக்காமல் இருந்தால் காணும். வேறை சீதனம் ஒண்டும் எனக்கு வேண்டாம்."

நான் ஒத்துக்கொண்டேன். பதினொரு நாள் வாயைக் கட்டிக்கொண்டு இருந்தேன்.

பன்னிரண்டாம் நாள் அவர்கள் பொன்னுருக்குக்கு நாள் வைக்க எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். நாள் வைத்து, வடையும் தேத்தண்ணியும் முடிந்து, மாஸ்டரின் கறுப்புக் கார் எங்கள் படலையைத் தாண்டி வீதிக்கு ஏற, பூசணிக்காய் ஏற்றின லாண்ட்மாஸ்டர் உழவு மெஷின் ஒன்று பின்னால் வந்து இடதுபக்கப் பின்கதவிலும் மட்காட்டிலும் சாய்ந்தது. ஒருவருக்கும் காயமில்லை. கதவு மட்டும் சோற்றுக் கோப்பை மாதிரி உள்ளே போய்விட்டது. மாஸ்டர் தினமும் காலமை தன் கையால் துடைக்கிற கார் அது. இறங்கிப் பார்த்து மூன்று தரம் செருமினார். 

பெரியக்கா முந்திக்கொண்டார். "தம்பி, கொழும்புக்கு, கொம்பனிக்கே அனுப்புவம். பொன்னுருக்குக்குப் பதினாறு நாள்தான் கிடக்கு." மாஸ்டரைப் பார்த்துத்தான் சொன்னார். ஆனால் எனக்குக் கேட்க வேண்டும் என்றுதான் சொன்னார்.

பதினொரு நாள் அடைத்து வைத்த வாய்.

"அக்கா, கொம்பனிக்காரன் காரைச் செய்யிறவன். நான் திருப்பிப் பிறக்க வைக்கிறவன். ஒரு கிழமை தாருங்கோ. அடிபட்ட இடம் எதெண்டு நீங்கள் விரலாலை தொட்டுக் காட்டினால், பேந்து நான் இந்தத் தொழிலே செய்யேல்லை."

வாசலில் நின்ற தர்சினி நெற்றியில் கையை வைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

வேலையை நானே செய்தேன். நெளிவு எடுத்து, பட்டி போட்டு, தேய்த்து, தடவிப் பார்த்து, திரும்பத் தேய்த்து. மூடியைக் கழற்றிக்கொண்டு யாழ்ப்பாணம் போனேன். பெயின்ற் கலக்கிற பிள்ளை கெட்டிக்காரி, முப்பது வயது இருக்கும்.

"கோட் நம்பர் கொண்டு வந்தனீங்களோ ஐயா?"

"பிள்ளை, நான் நம்பரைப் பாக்கிறேல்லை. காரைப் பாக்கிறனான்."

அவள் மூடியை யன்னல் பக்கம் பிடித்துச் சரித்துப் பார்த்தாள். "உதுக்குள்ளை நீலம் கிடக்கு ஐயா. உங்கடை கார் முழுக்க உப்பிடித்தானோ?"

"மூடி காரிலைதானே இருந்தது. முருங்கையிலை இருந்தே புடுங்கினது?"

 மூடிக்கு ஒரு மயிரிழை பிசகாமல் கலந்து தந்தாள். அடித்தேன். அந்தக் கிழமை முழுக்க மழை, வானம் சாம்பல் போர்வை மாதிரிக் கிடந்தது. கொட்டகைக்குள் கார் கிணற்றுத் தண்ணீர் போல மினுங்கியது. வேலையாட்கள் ஆறு பேரும் வந்து நின்று பார்த்தார்கள். (பாக்கச் சொன்னது நான்தான்.)

தூறலோடு காரைக் கொண்டுபோய் நல்லூரில் விட்டேன். பெரியக்கா குடையோடு இறங்கினார். காரை இரண்டு தரம் சுற்றினார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மூன்றாம் தரமும் சுற்றினார். பிறகு மாஸ்டரிடம் கேட்டார்.

"எந்தக் கதவு தம்பி அடிபட்டது?"

என் வாழ்க்கையில் எனக்குக் கிடைத்த ஒரே பட்டம் அந்தக் கேள்வி. அதற்குப் பிறகு நான் முக்கால் மணித்தியாலம் கதைத்தேனாம். மாஸ்டர் இரண்டு தரம் தேத்தண்ணி தந்தாராம். எனக்கு ஞாபகமில்லை.

பிறகும் விடாமல் பெய்த மழை பொன்னுருக்கு அன்று காலமைதான் விட்டது. எங்கள் பக்கத்தில் தாலிக்கு வேண்டிய பொன்னை மாப்பிள்ளை வீட்டில் வைத்து உருக்குவது வழக்கம். நிறைகுடம் வைத்து, பத்தர் வந்து உமியில் நெருப்பு மூட்டித் தங்கக் காசை உருக்க, உருகின பொன் தட்டில் கை கையாகப் போனது. எல்லாரும் தொட்டுப் பார்த்தார்கள். பிறகு பலகாரமும் பழமும் புடைவையும் வைத்த தட்டுகளோடு மாப்பிள்ளை வீட்டார் பொம்பிளை வீட்டுக்குப் புறப்பட வேண்டும். பெரியக்கா முன்னால், தட்டுகளோடு பெண்கள் பின்னால், எல்லாரும் முற்றத்துக்கு இறங்கினார்கள். அந்த நேரம் பார்த்து முகில் விலகி, இரண்டு கிழமையாய்க் காணாத வெயில் அந்தக் கார் மேல் அப்படியே விழுந்தது.

நான் கண்டதைச் சொல்கிறேன். முன்பக்கம் கரி மாதிரிக் கறுப்பு. பின்கதவிலிருந்து பின் வெளிச்சக் கண்ணாடி வரைக்கும் கத்தரிக்காய். கொடிகாமம் சந்தையில் விடிய இறக்கி, தண்ணி தெளித்து வைத்த புதுக் கத்தரிக்காய். இரண்டுக்கும் நடுவில் அடிமட்டம் வைத்துக் கீறினது போல ஒரு கோடு.

   பத்தர்தான், நிறம் பார்த்தே சீவிக்கிற மனிசன், கெடுதல் ஒன்றும் நினைக்காமல் கேட்டார்.

"மாஸ்டர், இது ரெண்டு காரை வெட்டி ஒட்டினதே?"

பெரியக்கா காரைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு பின்னால் திரும்பினார்.

"தட்டுகளை உள்ளுக்குக் கொண்டு போங்கோ."

புறப்பட்ட தட்டு திரும்பி உள்ளே போனால் சம்பந்தமும் திரும்பிப் போன மாதிரி என்று எங்கள் ஆட்களுக்கு நான் சொல்லித் தரத் தேவையில்லை. என் மனிசி பரமேசு என் கையைப் பிடித்தாள். நகம் இறங்கியது. அங்கே கொடிகாமத்தில் பிள்ளை சீலை உடுத்திக்கொண்டு வாசலைப் பார்த்தபடி இருக்கிறாள் என்று நினைத்தேன். நினைத்துக்கொண்டே வாயைத் திறந்தேன்.

"என்ரை பெயின்றிலை பிழை இல்லை. உங்கடை கார்தான் நிறம் மாறிப் போட்டுது."

சொன்னது நான்தான் என்று எனக்கே பிறகுதான் விளங்கியது. நிற்பாட்டவும் முடியவில்லை. காருக்குக் கிட்டப் போய்ப் பெற்றோல் மூடியில் ஒரு விரலும் பின்கதவில் ஒரு விரலும் வைத்தேன். "பாருங்கோ எல்லாரும். இது கொம்பனி மூடி, இது நான் அடிச்ச கதவு. ஒரு நூல் வித்தியாசம் இருக்கே? மிச்சக் கார்தான் பிழை."

உண்மையில் ஒரு வித்தியாசமும் இல்லை. இரண்டு மாமாமார் தலையாட்டக்கூடச் செய்தார்கள். வென்றுவிட்டேன் என்று நினைத்தேன். மாஸ்டர் செருமினார். ஒன்று. இரண்டு. மூன்று.

"அண்ணை, அந்த மூடி இந்தக் காரின்ரை இல்லை."

"என்ன?"

"முந்தின மூடி ஒடிஞ்சு போச்சு. பழைய சாமான் கடையிலை ஒண்டு வாங்கிப் போட்டனான். கடுநீலக் கார் ஒண்டின்ரை. கறுப்பு மாதிரித்தானே கிடக்கு எண்டு விட்டிட்டன்."

"அதை ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"நீங்கள் மூடியைப் பாத்துத்தான் அடிப்பியள் எண்டு எனக்கென்ன தெரியும்? நம்பரைப் பாத்திருப்பியள் எண்டெல்லோ நினைச்சன்."

பெரியக்கா முன்கதவைத் திறந்து குனிந்தார். "இந்தா, இதிலை வடிவா அடிச்சுக் கிடக்கு. இங்கை வாங்கோ. இதை ஏன் பாக்கேல்லை?"

கிட்டப் போனேன். தகட்டைப் பார்த்தேன். தகடு என்னைப் பார்த்தது. வெளிச்சம் காணாது, கண்ணாடி கொண்டு வரவில்லை, எழுத்து தேய்ந்து போச்சு என்று நாற்பது வருடமாக நான் பாவித்த காரணங்கள் எல்லாம் வரிசையாக நாக்கு நுனிக்கு வந்து நின்றன. வெயிலோ மத்தியான வெயில். எழுத்தோ புது எழுத்து. மூக்கில் கண்ணாடி வேறு.

"எனக்கு இங்கிலிஷ் வாசிக்கத் தெரியாது, அக்கா."

 நிலம் பிளந்தால் அதற்குள் இறங்கிக் கதவையும் சாத்தியிருப்பேன். முதலில் வாய் திறந்தது பரமேசு. 

"அப்ப வீட்டுக்கு வாற இங்கிலிஷ் கடிதமெல்லாம் வாசிச்சுப்போட்டு, 'இது ஒண்டும் முக்கியமில்லை' எண்டு சொல்லுறது?"

"...ஒண்டும் முக்கியமில்லைத்தானே."

"போன வரியம் கரண்ட் வெட்டினவங்களே."

ஒரு சத்தம் கேட்டது. பெரியக்கா. அழுகிறாரோ என்று பயந்து நிமிர்ந்தேன். காரின் கூரையைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தார். வேர்வையையும் கண்ணீரையும் சேர்த்துச் சேலைத் தலைப்பால் துடைத்தார்.

"தம்பி, கராஜ் வைச்சிருக்கிறீர் எண்டதுக்கு நான் யோசிக்கேல்லை," என்றார். அதுவரைக்கும் 'நீங்கள்' என்றுதான் கதைத்தவர், இப்போது சொந்தக்காரருக்குச் சொல்வது போல 'நீர்' என்றார். "ஒரு பிழையும் விடாத மனிசனோடை எப்பிடிச் சம்பந்தம் வைச்சுச் சமாளிக்கிறது எண்டுதான் யோசிச்சனான். இப்ப எனக்குப் பயமில்லை." பிறகு வீட்டுப் பக்கம் திரும்பினார். "எங்கை, தட்டுகளை எடுங்கோ. நேரம் போகுது."

 நாலு கிழமையாக நான் மறைத்துத் திரிந்தது ஒன்று, அந்த மனிசி பயந்து திரிந்தது வேறொன்று.

அந்தக் காரில்தான் போனார்கள். என் வேனில் ஏறுங்கோ என்று எவ்வளவோ சொன்னேன், பெரியக்கா கேட்கவில்லை. நல்லூரிலிருந்து கொடிகாமம் வரைக்கும் மத்தியான வெயில். நாங்கள் வீதியின் இடப்பக்கத்தால் ஓடுகிறவர்கள். ஆகவே கடைப்பக்கம், பஸ் நிற்கிற பக்கம், சந்தைப் பக்கம் எல்லாத்துக்கும் கத்தரிக்காய்ப் பக்கம்தான் தெரிந்தது. பின்னால் வேனில் வந்த நான் சாவகச்சேரிக்குக் கிட்டத் தலையைக் குனிந்தவன், எங்கள் படலைக்குள் போய்த்தான் நிமிர்ந்தேன்.

ஐந்தாம் நாள் கலியாணம். திருப்பி அடிக்க நேரமில்லை. படம் எடுக்கிறவரைத் தனியே கூப்பிட்டு, கார் வந்தால் வலதுபக்கத்தால் மட்டும் எடுக்கச் சொன்னேன். அவர் ஏன் என்று கேட்டார். "அந்தப் பக்கம் மாப்பிள்ளைக்கு வடிவு" என்றேன். கலியாண அல்பத்தில் என் மருமகன் முழுக்க முழுக்க ஒரே கன்னத்தோடுதான் இருக்கிறார்.

பிறகு காசு வாங்காமல் முழுக் காரும் அடித்துத் தருகிறேன் என்று நாலு தரம் கேட்டேன். மாஸ்டர் விடவில்லை. "இருக்கட்டும் அண்ணை. திருவிழாவிலை எத்தினை கறுப்புக் கார் நிண்டாலும் என்ரை காரை நான் கெதியாக் கண்டுபிடிக்கலாம்." என் கைவேலை இன்றைக்கும் நல்லூர் வீதிகளில் ஓடித் திரிகிறது. ஆர் அடித்தது என்று ஆரும் கேட்டால் மாஸ்டர் முகவரியோடு சொல்கிறார்.

இப்போது என் கராஜுக்கு எந்தக் கார் வந்தாலும் முதலில் கதவைத் திறந்து தகட்டில் உள்ளதை ஒரு துண்டில் அப்படியே கீறிக்கொண்டுதான் கடைக்குப் போகிறேன். அந்தக் காலத்தில் லொறிக்கு எழுத்து எழுதினவன் நான். வாசிக்கத் தெரியாவிட்டாலும் பார்த்துக் கீறத் தெரியும். அன்றைக்கும் கீறியிருக்கலாம். கீறுகிறதை ஒருவரும் பார்த்துவிடக் கூடாது என்ற ஒரே காரணத்துக்காக நாற்பது வருடம் மூடி கழற்றினேன்.

போன மாதம் தர்சினிக்குப் பிள்ளை பிறந்தது. பெண்பிள்ளை. ஆஸ்பத்திரியில் கட்டிலைச் சுற்றி நின்று எல்லாரும் மூக்கு ஆருடையது, நெற்றி ஆருடையது என்று பங்கு பிரித்துக்கொண்டிருந்தார்கள். நான் குனிந்து ஒரே ஒரு பார்வைதான் பார்த்தேன்.

"என்ரை நிறம்," என்றேன். "கண்ட உடனை சொல்லிப்போடுவன்."

"பொறும் தம்பி," என்றார் பெரியக்கா. "முதல்லை பிள்ளையை வெயிலுக்குக் கொண்டு போவம்."

வார்டே சிரித்தது. பச்சை உடம்புக்காரி தர்சினி வயிற்றைப் பிடித்துக்கொண்டு, "பெரியக்கா, தையல் இழுக்குது" என்று கெஞ்சினாள். என்ன பகிடி என்று தாதி பரமேசுவைக் கேட்டார். பரமேசு, அதற்காகவே காத்திருந்தவள் போல, ஒரு கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு லாண்ட்மாஸ்டரில் இருந்து தொடங்கினாள்.